வியாகுலம் என்றொரு பெயர்

இராமநாதபுரத்திலிருந்து வடகிழக்கே ஏறத்தாழ 15 கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது தேவிபட்டினம். பாக் நீரிணையின் கரையாதலால் கடல் பெரும்பாலும் ஏரிபோல அடங்கிக் கிடக்கும். கரையிலிருந்து சற்று உள்ளே, நீருக்குள் ஒன்பது கற்கள் நிற்கின்றன. நவபாஷாணம் என்பர். சீதையைப் பிரிந்த துயரோடு சேது கட்டப் புறப்பட்ட இராமன், தன்னைப் பீடித்த தோஷம் நீங்க ஒன்பது கோள்களையும் கல்லாக நட்டு வணங்கினான் என்பது தலபுராணம். மகிடனை அழித்த தேவி தங்கிய பட்டினம் என்பதால் இப்பெயர் வந்தது என்பது இன்னொரு கதை. எந்தக் கதையை ஏற்றாலும், இங்கு வருகிறவர்கள் பெரும்பாலும் ஏதேனும் ஒரு மனச்சுமையோடுதான் வருகிறார்கள். இறந்துபோன தகப்பனுக்குத் திதி கொடுக்க வருவார்கள். சனியின் பிடியிலிருந்து தப்ப வருவார்கள். பிள்ளையில்லாத குறையைச் சொல்லி அழ வருவார்கள். துயரத்தைக் கொண்டுவந்து இறக்கி வைப்பதற்கென்றே அமைந்த கரை என்று இதனைச் சொல்லலாம்.

இதே இராமநாதபுரம், சிவகங்கைச் சீமையின் கத்தோலிக்கக் குடும்பங்களில், முந்தைய தலைமுறைப் பெண்களிடையே ஒரு பெயர் வழங்கி வந்தது. வியாகுலம். சில வீடுகளில் வியாகுலமேரி. சில வீடுகளில் வியாகுலம்மாள். ஆண்களுக்கும் இப்பெயர் உண்டு. வெளியூர்க்காரர் முதன்முறை கேட்கும்போது சற்றே திகைப்பார். வியாகுலம் என்றால் துக்கம், மனக்கலக்கம். பிறந்த பெண்குழந்தையின் காதில் மூன்று முறை சொல்லி அழைக்க, உலகத்தில் வேறு சொல்லே கிடைக்கவில்லையா?

இக்கேள்விக்கு விடை தேடிப் புறப்பட்டால், பாதை இலத்தீன் மொழிக்கு இட்டுச் செல்கிறது.

*

இலத்தீனில் 'தொலோர்' என்றால் வலி. உடம்பின் வலியையும் மனத்தின் வலியையும் அந்த ஒரே சொல் குறித்தது. நம் 'நோய்' என்னும் சொல்லை இதற்கு இணையாக நினைத்துக்கொள்ளலாம். காய்ச்சலும் நோய்தான், சங்க அகப்பாடல்களில் தலைவியை வாட்டும் பிரிவும் நோய்தான். தொலோர் என்பதன் பன்மை தொலோரெஸ். இப்பன்மைச் சொல்லே இஸ்பானிய மொழியில் பெண்ணின் பெயராயிற்று. டொலோரஸ் என்று இன்று உலகம் உச்சரிக்கும் பெயர் அது.

முழுப்பெயர் 'மரியா தெ லோஸ் தொலோரெஸ்', அதாவது 'துயரங்களின் மரியா'. மரியாளுக்குக் கத்தோலிக்க மரபு பல பட்டங்களைச் சூட்டியிருக்கிறது. இஸ்பானியர்கள் மரியா என்று பெயரிட்டு, எந்த மரியா என்று காட்டுவதற்காகப் பட்டத்தையும் சேர்த்தார்கள். காலப்போக்கில் மரியா உதிர்ந்து பட்டம் மட்டும் நின்றது. மெர்செதெஸ் என்றால் இரக்கங்களின் மரியா. கொன்சுவேலோ என்றால் தேற்றரவின் மரியா. ரொசாரியோ செபமாலையின் மரியா. தொலோரெஸ் துயரங்களின் மரியா.

இதில் இலக்கணம் அறிந்தவர் ரசிக்கத்தக்க ஒரு விந்தை உண்டு. இலத்தீனில் தொலோர் ஆண்பால் சொல். இஸ்பானிய மொழியிலும் அது ஆண்பாலே. ஆண்பால் பன்மைப் பெயர்ச்சொல் ஒன்று, ஒரு தாயின் துயரத்தைச் சுமந்த காரணத்தால், முழுக்க முழுக்கப் பெண்ணின் பெயராக மாறிவிட்டது. போர்த்துக்கேய மொழியில் அச்சொல் 'தோர்' என்று குறுகி, பெண்பாலாகவும் ஆகிவிட்டது. எனவே அங்கே 'மரியா தாஸ் தோரெஸ்'. தமிழிலோ 'வியாகுலம்' அஃறிணைப் பண்புப்பெயர். அதுவும் பெண்ணின் பெயராயிற்று.

மரியாளின் துயரங்கள் ஏழு என்பது மரபு. ஆலயத்தில் முதியவர் சிமியோன் உரைத்த தீர்க்கதரிசனம், எகிப்துக்குத் தப்பி ஓடியது, பன்னிரண்டு வயது மகனை எருசலேமில் தொலைத்துத் தேடியது, சிலுவை சுமந்து சென்ற மகனை வழியில் கண்டது, சிலுவையடியில் நின்றது, இறக்கப்பட்ட உடலை மடியில் ஏந்தியது, கல்லறையில் அடக்கம் செய்தது. நெஞ்சில் ஏழு வாள்கள் தைத்த பெண்ணாக ஓவியர்கள் அவளைத் தீட்டினார்கள். 1498-99 ஆண்டுகளில் மைக்கலாஞ்சலோ செதுக்கிய 'பியத்தா' சிற்பம் ஆறாவது துயரத்தைக் கல்லில் நிறுத்தியது.

இப்பக்தி ஒரே நாளில் வந்ததன்று. 1233-இல் ஃபிளாரன்சு நகரில் தோன்றிய மரியாளின் ஊழியர் சபை இதனைப் பெரிதும் வளர்த்தது. 1423-இல் கொலோன் நகரத் திருச்சபை மன்றம் இதற்கொரு திருநாள் வகுத்தது. 1727-இல் குருத்தோலை ஞாயிற்றுக்கு முந்தைய வெள்ளி இலத்தீன் திருச்சபை முழுவதற்குமான வியாகுலத் திருநாளாயிற்று. செப்டம்பர் மாதத் திருநாள் 1814-இல் எல்லோருக்கும் பொதுவாகி, 1913-இல் செப்டம்பர் 15 என்று உறுதியானது. அந்நாளையொட்டிப் பிறந்த பெண்குழந்தைகளுக்கு உலகெங்கும் இப்பெயரை இட்டார்கள்.

பெயர் பயணம் செய்யும்போது அதன் பொருள் தேய்ந்துபோவது இயல்பு. டொலோரஸ் செல்லமாக லோலா ஆனது. இன்னும் செல்லமாக லோலிதா ஆனது. நபக்கோவ் 1955-இல் வெளியிட்ட நாவலைப் படித்தவர்கள், அச்சிறுமியின் உண்மைப் பெயர் டொலோரஸ் என்பதை அறிவார்கள். தலைப்பில் நிற்பது அவளை நாசம் செய்தவன் விரும்பி அழைத்த செல்லப்பெயர். துக்கம் என்று பொருள்படும் பெயர் உள்ளே புதைந்து கிடக்கிறது. அரசியலிலும் இப்பெயர் ஒலித்திருக்கிறது. 1810 செப்டம்பரில் மெக்சிகோவின் விடுதலைக்குரல் முதலில் எழுந்த ஊரின் பெயர் டொலோரஸ். இஸ்பானிய உள்நாட்டுப் போரின் புகழ்பெற்ற கம்யூனிஸ்டுப் பேச்சாளர் டொலோரஸ் இபாருரி. அவர் கடவுள் நம்பிக்கையை விட்ட பிறகும் பெயர் அவரை விடவில்லை.

*

இப்பெயர் தமிழ்க் கடற்கரைக்கு எப்படி வந்தது?

போர்த்துக்கேயர் முத்துக்குளித்துறைக்கு வந்து, 1530-களில் பரதவர் திருமுழுக்குப் பெற்ற காலத்தில், பெயர்கள் ஒலியாகவே வந்து இறங்கின. பர்னாந்து, கொஸ்தா, ரொட்ரிகோ என்று போர்த்துக்கேயக் குடும்பப்பெயர்கள் தமிழ் வீடுகளில் குடியேறின. 1549-இல் மண்டபத்தை அடுத்த வேதாளையில் கொல்லப்பட்ட அந்தோனியோ கிரிமினாலியின் காலம் அது. அவருக்குப் பின் அந்தப் பணியை ஏற்ற அன்ரிக்கே அடிகளார் 1578-இல் கொல்லத்தில் அச்சிட்ட 'தம்பிரான் வணக்கம்' தமிழின் முதல் அச்சுநூல்களுள் ஒன்று. அந்நூலிலும் போர்த்துக்கேய, இலத்தீன் சொற்கள் பல இடங்களில் ஒலிபெயர்ப்பாகவே நிற்கின்றன. நம்பிக்கை புதிது, சொல்லும் புதிது என்ற நிலை.

1606-இல் மதுரைக்கு வந்த இராபர்ட் தெ நோபிலியிடமிருந்து வேறொரு வழி தொடங்குகிறது. கேட்கிறவனுக்கு விளங்காத ஒலியைக் கொடுப்பதைவிட, விளங்கும் சொல்லைக் கொடுக்க வேண்டும் என்பது அவ்வழியின் அடிப்படை. அதற்கு அவர் பெரிதும் நாடியது வடமொழிச் சொற்களஞ்சியம். தாமும் 'தத்துவ போதகர்' ஆனார். மதுரை மிஷனில் இதுவே மரபாயிற்று. யோவான் என்ற எபிரேயப் பெயருக்குக் 'கடவுள் அருள்கூர்ந்தார்' என்று பொருளாதலால், ஜான் தெ பிரித்தோ அருளானந்தர் ஆனார். 'கொன்ஸ்தான்சியுஸ்' என்றால் நிலைதளராதவன். ஆகவே பெஸ்கி முதலில் தைரியநாதர், பின்னர் வீரமாமுனிவர். திருத்தூதர்களும் இவ்வாறே தமிழ்ப்பெயர் பெற்றார்கள். இலத்தீனில் 'பவுலுஸ்' என்றால் சிறியவன், எனவே சின்னப்பர். அந்திரேயா என்ற கிரேக்கப் பெயரில் வீரமும் வலிமையும் இருப்பதால் பெலவேந்திரர். யோவான் அருளப்பர்.

மரியாளின் பட்டங்களும் இதே உலையில் உருகித் தமிழாயின. 'சாலுஸ்' என்னும் இலத்தீன் சொல்லின் வழிவந்த போர்த்துக்கேய 'சவுதெ' இங்கே ஆரோக்கியமாயிற்று. வேளாங்கண்ணியில் ஆரோக்கிய மாதா. மாசற்ற உற்பவம் அமலோற்பவமாயிற்று. அடைக்கலம், சகாயம், வியாகுலம் ஆகியனவும் அப்படியே. ஆரோக்கியம், அமலோற்பவம், அடைக்கலம், சகாயம், வியாகுலம் ஆகிய ஐந்தையும் சேர்த்து ஒருமுறை சொல்லிப் பாருங்கள். எல்லாம் 'அம்' என்று முடிகின்றன. செல்வம், கனகம், மரகதம், பாக்கியம் என்று பெண்களுக்குப் பெயரிடும் தமிழ் வழக்கத்தோடு அவை உறுத்தாமல் கலந்துவிட்டன. ஊர்ச்சாவடியில் ஆரோக்கியமும் மரகதமும் அருகருகே அமர்ந்திருந்தால், ஒலியை மட்டும் கேட்டு எவர் எந்தச் சமயம் என்று சொல்வது கடினம்.

மலையாளத்திலும் இதே சொல்தான். திருச்சூரின் புகழ்பெற்ற புத்தன்பள்ளி, 1992-இல் பசிலிக்காவாக உயர்த்தப்பட்ட பேராலயம், வியாகுல மாதாவுக்கு உரியது. மதுரையில் கீழவெளி வீதியின் மரியன்னை பேராலயமும் வியாகுல அன்னைக்கு நேர்ந்தளிக்கப்பட்டதே.

*

ஆனால் ஏன் வியாகுலம்? நோய், துயர், துன்பம், இடும்பை, அல்லல் என்று தமிழில் இத்தனை சொற்கள் இருக்க, வடமொழியின் 'வ்யாகுல' எதற்கு?

வடமொழிச் செல்வாக்கு மிகுந்திருந்த காலம் என்று ஒரு வரியில் விடை சொல்லிவிடலாம். அது பாதி விடைதான். இலத்தீனில் இயேசுவின் துன்பத்துக்குப் 'பாஸியோ' என்று பெயர். 'படுதல், உள்ளாதல்' என்ற வினையிலிருந்து வந்த சொல். இதற்கு நம் முன்னோர் வடமொழியை நாடவில்லை. 'பாடு' என்ற நேர்த்தியான தமிழ்ச்சொல்லை எடுத்தார்கள். 'படு' என்னும் வினையடியாகப் பிறந்தது பாடு. இலத்தீன் சொல் எப்படிப் பிறந்ததோ அப்படியே தமிழ்ச்சொல்லும் பிறந்திருக்கிறது. திருப்பாடுகள், பாடுபட்ட சுரூபம் என்னும் வழக்குகள் இன்றும் உள்ளன. இவ்வளவு பொருத்தமான மொழிபெயர்ப்பைச் செய்யத் தெரிந்தவர்களுக்குத் தாயின் துயரத்துக்குத் தமிழ்ச்சொல் தெரியாமல் போயிருக்காது.

என் எண்ணம் இது. மகனுடையது உடல் பட்ட பாடு. ஆணியும் முள்ளும் சவுக்கும் அவன் உடலில் விழுந்தன. தாயின் உடலில் ஒரு கீறலும் இல்லை. அவள் பார்த்துக்கொண்டு நின்றாள். அவளுக்கு நேர்ந்தது உள்ளத்தின் குலைவு. 'ஆகுலம்' என்றால் கலக்கம், இரைச்சல், நிலைகுலைவு. வள்ளுவரும் அறன் வலியுறுத்தலில் ஆரவாரம் என்ற பொருளில் அச்சொல்லை ஆள்கிறார். அதன்மேல் 'வி' என்னும் முன்னொட்டு ஏறும்போது, எல்லாப் பக்கமும் சிதறிய மனம் என்றாகிறது. ஆக, இலத்தீனின் 'தொலோர்' உடலுக்கும் மனத்துக்கும் பொதுவாக வைத்திருந்த வலியைத் தமிழ் இரண்டாகப் பிரித்துக்கொண்டது. மகனுக்குப் பாடு, தாய்க்கு வியாகுலம். மூலத்தில் இல்லாத ஒரு துல்லியம் மொழிபெயர்ப்பில் வந்து சேர்ந்திருக்கிறது.

இன்னொரு காரணமும் இருக்கலாம். 'நோய்' என்றோ 'துயரம்' என்றோ ஒரு பிள்ளையைக் கூப்பிட எந்தத் தாய்க்கும் நா எழாது. வியாகுலம் என்பதில் பொருள் ஒரு மெல்லிய திரைக்குப் பின்னால் இருக்கிறது. தெரிந்தவர்க்குத் தெரியும், தெரியாதவர்க்கு அது ஒரு கம்பீரமான ஒலி. பெயர்ச்சொல்லுக்கு அந்தத் திரை வேண்டியிருக்கிறது.

தமிழ் நாட்டுப்புறத்துக்கு அமங்கலப் பெயர் புதிதுமன்று. முதற்பிள்ளைகள் தங்காமல் இறந்த வீட்டில் அடுத்த பிள்ளைக்குக் குப்பை, பிச்சை என்று பெயரிட்ட மரபு நம்முடையது. குப்பையில் புரட்டி எடுத்து, யாருக்கும் வேண்டாத பொருள் என்று எமனை ஏமாற்றும் தந்திரம் அது. வியாகுலம் என்ற பெயர் அந்தத் தந்திரத்தைச் சார்ந்ததன்று. ஆனால் அந்த வழக்கம் இருந்த மண்ணில் இந்தப் பெயர் எளிதாக வேர்விட்டிருக்கும் என்று ஊகிக்கலாம். பக்தரின் நோக்கில் இப்பெயர் பிள்ளைக்குத் துக்கத்தை வேண்டுவதில்லை. துக்கத்தை எல்லாம் முன்பே பட்டுத் தீர்த்த ஒருத்தியின் முந்தானைக்குள் பிள்ளையை ஒப்படைக்கிறது.

*

கடலின் மறுகரையையும் பார்த்துவிட வேண்டும். தேவிபட்டினத்துக்கு எதிரே, பாக் நீரிணையைக் கடந்தால் மன்னாரும் யாழ்ப்பாணமும். ஒல்லாந்தர் ஆட்சியில் கத்தோலிக்கம் தடைசெய்யப்பட்டிருந்த காலத்தில், கோவாவிலிருந்து ஓரட்டோரியன் சபைக் குருக்கள் மறைவாக இலங்கைக்கு வந்து பணியாற்றினார்கள். அவர்களுள் ஒருவர் யாக்கோமே கொன்சால்வெஸ். 1705-இல் வந்தவர், 1742-இல் இறக்கும்வரை அங்கேயே இருந்தார். தமிழும் சிங்களமும் கற்று இரண்டிலும் எழுதினார். அவருடைய தமிழ் நூல்களுள் ஒன்றின் பெயர் 'வியாகுலப் பிரசங்கம்'. தவக்காலத்தில் கோயிலில் கூடி அதனை இராகமிட்டு வாசிப்பது மன்னார், யாழ்ப்பாணப் பகுதிகளின் மரபு. பசாம் வாசிப்பு என்பார்கள். இலத்தீன் 'பாஸியோ'வின் போர்த்துக்கேய வடிவம் அங்கே பசாம் ஆகியிருக்கிறது. ஒலிபெயர்த்த பசாமும் மொழிபெயர்த்த வியாகுலமும் ஒரே சடங்கில் கைகோத்து நிற்கின்றன.

ஒப்பாரி கேட்டு வளர்ந்த செவிகளுக்கு அந்த இராகம் அந்நியமாக இருந்திருக்காது. மடியில் கிடக்கும் மகனைப் பார்த்துத் தாய் அழும் இடம் எந்த மொழியிலிருந்து வந்தாலும், எழவு வீட்டில் கேட்ட குரலில்தான் அது இங்கே ஒலிக்க முடியும். கடல்மேல் பிழைக்கும் ஊர்களில் இது இன்னும் உண்மை. போன வள்ளம் திரும்பாத இரவுகளில் கரையில் நின்ற பெண்களுக்கு, பார்த்துக்கொண்டு நிற்பதைத் தவிர வேறெதுவும் செய்ய இயலாத துயரம் எது என்று எவரும் விளக்க வேண்டியதில்லை.

*

இதுவரை சொன்னது ஒரு பெயரின் அழகான வரலாறு. ஆனால் இந்தக் கரையில் அந்தப் பெயர் எவரெவரைத் தொடாமல் போயிற்று என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும்.

தேவிபட்டினத்திலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே தொண்டியைத் தாண்டிச் சென்றால் ஓரியூர். 1693 பிப்ரவரி 4 அன்று அருளானந்தர் தலை வெட்டுண்ட இடம். அவர் இரத்தம் சிந்தியதால் மண் சிவந்தது என்று நம்பி, இன்றும் செம்மண்ணை எடுத்துச் செல்கிறார்கள். 1947-இல் அவர் புனிதராக அறிவிக்கப்பட்டார்.

அவர் கொல்லப்பட்ட காரணம் அனைவரும் அறிந்தது. சேதுபதியின் குடும்பத்தோடு உறவுடைய தடியத்தேவர் நோய் நீங்கிக் கிறித்தவரானார். திருமுழுக்குப் பெற வேண்டுமானால் ஒரு மனைவியோடு மட்டுமே வாழ வேண்டும் என்றார் அருளானந்தர். 1693 சனவரி 6 அன்று திருமுழுக்கு நடந்தது. முதல் மனைவி நீங்கலாக மற்றவர்கள் விலக்கப்பட்டார்கள். விலக்கப்பட்டவர்களுள் இளையவள், கிழவன் சேதுபதியின் உறவுப்பெண். கடலை என்பது அவள் பெயராகச் சொல்லப்படுகிறது. அவள் சேதுபதியிடம் சென்று முறையிட்டாள். இரண்டே நாளில் அருளானந்தர் கைது செய்யப்பட்டார்.

புனிதரின் வரலாற்றைச் சொல்கிறவர்கள் இதனைத் திருமுழுக்கு யோவானின் கதையோடு ஒப்பிடுவது வழக்கம். முறையற்ற மணத்தைக் கண்டித்ததற்காகத் தலையிழந்தவர் யோவான். இவரும் அப்படியே, பெயரும் அதுவே. ஒப்புமை பொருத்தமானது. ஆனால் அந்த ஒப்புமைக்குள் கடலைக்குக் கிடைக்கும் இடம், யோவானின் தலையைக் கேட்ட ஏரோதியாளின் இடம். வஞ்சம் தீர்த்தவள் என்ற ஒரே குணத்தோடு அவள் கதைக்குள் வந்து மறைகிறாள்.

அவள் செய்தது ஓர் உயிரைக் குடித்தது, அதில் ஐயமில்லை. எனினும், தன் தவறு எதுவுமின்றி, தன்னைக் கேளாமலேயே, ஒரு காலைப்பொழுதில் மனைவி என்ற நிலையை இழந்த பெண் அவள். தன் சமூகத்தின் முறைப்படி மணந்தவள். எந்தப் புதிய அறத்தின் பேரால் விலக்கப்பட்டாளோ அந்த அறத்தை அவள் ஏற்றவளும் அல்லள். அவளுடைய நெஞ்சுக்குலைவுக்கு வியாகுலம் என்ற சொல் பொருந்தாதா? அச்சொல்லைத் தமிழுக்குத் தந்த அதே மரபின் ஏடுகளில் அவளுக்கு அது வழங்கப்படவில்லை.

அதற்கு 17 ஆண்டுகளுக்குப் பின், 1710-இல், கிழவன் சேதுபதி முதுமையில் இறந்தபோது, அவருடைய மனைவியர் 47 பேர் உடன்கட்டை ஏறியதாக இயேசு சபைக் குருவின் கடிதம் ஒன்று பதிவு செய்திருக்கிறது. அந்த எண்ணிக்கையை வரலாற்று நூல்கள் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. எண் மிஞ்சியிருக்கிறது, நாற்பத்தேழு பெயர்கள் மிஞ்சவில்லை.

அருளானந்தர் வற்புறுத்திய ஒருதார மணம் பின்னாளில் பெண்களுக்கு நன்மையாகவே முடிந்தது என்று வாதிடலாம். அவ்வாதத்தில் உண்மை உண்டு. பல மனைவியர் என்ற ஏற்பாடு எங்கே கொண்டுவிட்டது என்பதற்கு அந்த 47 பேரே சாட்சி. ஆனால் ஓர் அறம் மாறும்போது அந்த மாற்றத்தின் விலையை முதலில் கொடுப்பது யார் என்ற கேள்வி அப்படியே இருக்கிறது. கடலை கொடுத்தாள். அருளானந்தரும் கொடுத்தார். ஒருவருக்குத் திருத்தலம் எழுந்தது.

*

இன்று வியாகுலம் என்ற பெயர் அருகிவிட்டது. பாட்டிமாரின் பெயராக, பழைய திருமுழுக்குப் பதிவேடுகளின் பெயராக, கல்லறைச் சிலுவைகளின் பெயராக அது ஒதுங்கிக்கொண்டிருக்கிறது. காரணங்கள் பல. 1962 முதல் 1965 வரை நடந்த இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்குப் பிறகு தமிழ் வழிபாட்டு மொழி புதுப்பிக்கப்பட்டது. வடசொற்கள் குறைந்து தமிழ்ச்சொற்கள் கூடின. அதே வேளையில் சின்னப்பர் பவுலானார். அருளப்பர் யோவான் ஆனார். 1995-இல் வெளியான பொது மொழிபெயர்ப்புத் திருவிவிலியம் இதனை நிலைநிறுத்தியது. பிற சபைகளோடு ஒன்றுபட அது தேவையான மாற்றம்தான். ஆனால் ஒரு முரண் நிகழ்ந்துவிட்டது. பொதுச்சொற்கள் தமிழாயின, பெயர்கள் மீண்டும் ஒலிபெயர்ப்புக்குத் திரும்பின. அன்ரிக்கேயின் காலத்திலிருந்து நோபிலியின் காலத்துக்கு வந்த வழியைப் பெயர்கள் மட்டும் பின்னோக்கி நடந்திருக்கின்றன.

துக்கம் என்று பொருள்படும் பெயரைப் பெற்றோர் தவிர்ப்பதிலும் குற்றம் காண முடியாது. பள்ளியில் கேலிக்கு ஆளாகும் என்று அஞ்சுவார்கள். பெயருக்கு இனிய பொருள் வேண்டும் என்பது இக்காலத்தின் விருப்பம். ஆனால் அந்தப் பழைய பெயர் ஒன்றை ஒத்துக்கொண்டிருந்தது. துயரம் வாழ்வில் வரும். அதற்கொரு மரியாதையான சொல் வேண்டும். அந்தச் சொல்லை வீட்டுக்குள் வைத்துக்கொள்ளலாம். அடுப்படியிலிருந்து திண்ணைவரை அன்றாடம் அன்போடு கூப்பிடலாம். வியாகுலம், தண்ணி கொண்டா. வியாகுலம், சாப்பிட்டியா. இவ்வாறு நாளெல்லாம் கூப்பிடக் கூப்பிட, சொல்லின் கூர் மழுங்கி அது ஒரு முகமாகிவிடுகிறது. இலத்தீனில் பிறந்து, பால் மாறி, எண் மாறி, திணை மாறி, ஆயிரமாயிரம் கல் கடந்து வந்த ஒரு சொல்லுக்குக் கடைசியில் கிடைத்த நல்ல கதி அது என்றே தோன்றுகிறது.

தேவிபட்டினத்தின் ஒன்பது கற்களும் நீருக்குள்தான் நிற்கின்றன. கரையில் நின்று எட்டிப் பார்த்தால் போதாது. அருகே சென்றால்தான் எது எந்தக் கோள் என்று சொல்லித் தருவார்கள். பெயர்களும் அப்படித்தான். அடுத்தமுறை பழைய கல்லறைத் தோட்டம் ஒன்றில் 'வியாகுலம்' என்று எழுதிய சிலுவையைக் காண நேர்ந்தால், ஒரு நிமிடம் நின்று அப்பெயரை வாய்விட்டுச் சொல்லுங்கள். சிலுவையடியில் நின்ற தாயோடு, பெயர் பதியப்படாத அந்த நாற்பத்தேழு பேரையும், கடலை என்றொருத்தியையும் அதே சொல்லால் நினைத்துக்கொண்டால், அதன் பொருள் குறைந்துவிடாது.